அந்தப் பெண்ணுக்குச் சோறு போட்டானா?

சென்ற இதழில் ஒரு வாசகர், ‘ஷேக்ஸ்பியரின் நகைச்சுவை நாடகங்களில் உங்களுக்கு அதிகம் கோபமூட்டியது எது?’ என்று கேட்டிருந்தார். ‘தி டேமிங் ஆஃப் தி ஷ்ரூ. முப்பத்து மூன்று வருடம் விடாமல் பாடம் நடத்தியதும் அதைத்தான்’ என்று ஒற்றை வரியில் பதில் எழுதிவிட்டு வேறு வேலை பார்க்கப் போய்விட்டேன். அந்த ஒரு வரிக்கு வந்த கடிதங்கள் ஒரு மஞ்சள்பை நிறைய இருக்கின்றன. ஆகவே இந்த இதழில் மற்ற கேள்விகளுக்கெல்லாம் விடுமுறை.

கதை தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1590ஐ ஒட்டிய ஆண்டுகளில் எழுதப்பட்ட நாடகம். இத்தாலியின் பதுவா நகரில் பாப்டிஸ்டா என்ற பணக்காரருக்கு இரண்டு பெண்கள். மூத்தவள் கேத்தரீனா வாய்த்துடுக்குக்காரி என்று ஊரே ஒதுக்கி வைத்திருக்கிறது. இளையவள் பியாங்கா, வாயில் விரலை வைத்தாலும் கடிக்கத் தெரியாதவள் என்று அதே ஊர் நம்புகிறது. மூத்தவளுக்கு முடிக்காமல் இளையவளுக்கு முடிக்க மாட்டேன் என்கிறார் அப்பா. பியாங்காவைச் சுற்றுகிறவர்கள் மூத்தவளைத் தள்ளிவிட ஆள் தேடும்போது, வெரோனாவிலிருந்து பெட்ரூச்சியோ வந்து சேர்கிறான். பணம் இருந்தால் போதும், பெண் எப்படி இருந்தாலும் சரி என்கிறான். ஒரே சந்திப்பில் பேச்சை முடித்து, ஞாயிற்றுக்கிழமை கல்யாணம் முடிந்த கையோடு இழுத்துக்கொண்டு போய், தன் வீட்டில் பட்டினி போட்டு, தூங்கவிடாமல் வைத்து, கடைசியில் ஒரு விருந்தில், கூப்பிட்ட குரலுக்கு வந்து மனைவியின் கடமைகளைப் பற்றிச் சொற்பொழிவாற்றும் பெண்ணாக அவளை நிறுத்துகிறான். இதற்குப் பெயர் நகைச்சுவை நாடகம்.

இனி கடிதங்கள்.

கே: ‘ஷ்ரூ’ என்பதற்கு ‘அடங்காப்பிடாரி’ சரியான சொல்தானா?
– மொழிபெயர்ப்பு பயிலும் மாணவர், காரைக்குடி

ப: அதைவிட நல்ல சொல் கிடைக்காது. ஆனால் இரண்டும் ஒன்றல்ல. ஷ்ரூ என்பது மூஞ்சூறு. அதன் கடி விஷம் என்ற நம்பிக்கை அந்நாட்டில் பழையது. வாய் நீண்ட பெண்ணுக்கும் அதே பெயரை வைத்தார்கள். நாமோ மூஞ்சூறைப் பிள்ளையாருக்கு வாகனமாக்கிவிட்டோம். பிடாரி ஊர்க்காவல் தெய்வம். ‘அடங்காப்பிடாரி’ என்று திட்டும்போதே பாதி கும்பிட்டும் விடுகிறோம். மொழிபெயர்ப்பில் கேத்தரீனாவுக்குக் கொஞ்சம் பதவி உயர்வு கிடைக்கிறது, கிடைக்கட்டும்.

இன்னொன்று. அந்தச் சொல் அப்போது பெண்களுக்கு மட்டும் உரியதாக இருக்கவில்லை. பெட்ரூச்சியோவின் வீட்டு வேலைக்காரன் கர்டிஸ், வழியில் நடந்ததையெல்லாம் கேட்டுவிட்டு, ‘இந்தக் கணக்கில் பார்த்தால் அவளைவிட எசமானர்தான் பெரிய ஷ்ரூ’ என்கிறான். நாடகத் தலைப்பையே மாற்றிப்போடும் வரி அது. நோட்ஸ் புத்தகங்கள் அதைக் கவனமாகத் தாண்டிப் போய்விடும்.

கே: பெட்ரூச்சியோ ஓர் இடத்தில்கூடக் கேத்தரீனாவைக் கைநீட்டி அடிக்கவில்லை. அடிப்பதெல்லாம் அவள்தான். பிறகு எதற்காக அம்மா அவன்மேல் இவ்வளவு கோபம்?
– ஆங்கில முதுகலை மாணவி, பாளையங்கோட்டை

ப: பாடத்தை ஒழுங்காகப் படித்திருக்கிறீர்கள். அவள் தங்கையின் கையைக் கட்டிவைத்து அறைகிறாள். வாத்தியார் வேடத்தில் வந்தவன் தலையில் அவன் கொண்டுவந்த லூட் வாத்தியத்தையே உடைக்கிறாள். பெட்ரூச்சியோவுக்கும் ஓர் அறை விழுகிறது. ‘இன்னொரு முறை அடித்தால் திருப்பி அறைவேன்’ என்பதோடு அவன் நிற்கிறான். அந்தக் காலத்துக் கதைகளோடு ஒப்பிட்டால் இது தயவுதான். 1550ஐ ஒட்டி அச்சான ஒரு கதைப்பாட்டில், புருஷன் மனைவியை ரத்தம் வரும்வரை அடித்து, உப்பிட்ட குதிரைத் தோலுக்குள் வைத்துச் சுருட்டுகிறான். அதையும் சிரித்துக்கொண்டேதான் படித்தார்கள். ‘ஷேக்ஸ்பியர் அந்தப் பிரம்பைக் கீழே போட்டுவிட்டார்’ என்று எனக்குப் பாடம் எடுத்தவர் பெருமையாகச் சொல்வார். நானும் சில வருடம் அதையே வகுப்பில் ஒப்பித்தேன்.

என் கண்ணைத் திறந்தது என் அம்மா. 1986இல் எங்கள் மகளிர் கல்லூரி ஆண்டுவிழாவில் இந்த நாடகத்தைச் சுருக்கி மேடையேற்றினேன். அம்மாவுக்கு ஆங்கிலம் ‘குட்மார்னிங்’கோடு சரி. மூன்றாவது வரிசையில் மடியில் கைப்பையை வைத்துக்கொண்டு முழுதும் பார்த்தாள். வீடு திரும்பும்போது ரிக்‌ஷாவில் கேட்டாள்: “அது இருக்கட்டும், அந்தப் பெண்ணுக்கு அவன் கடைசிவரை சோறு போட்டானா, இல்லையா?”

எனக்குச் சிரிப்பு வந்தது. ஒரு மாதம் ஒத்திகை பார்த்த வசனம், உடை, ஒளி எல்லாவற்றையும் விட்டுவிட்டு இதுதானா கேள்வி? இரவு புத்தகத்தை எடுத்துப் புரட்டினேன். என்னால் பதில் சொல்ல முடியவில்லை.

நான்காம் அங்கத்தைத் திறந்து வைத்துக்கொள்ளுங்கள். கல்யாண விருந்தில் கைநனைக்கவிடாமல் இழுத்து வந்திருக்கிறான். வழியில் குதிரை சேற்றில் விழுந்து, அவளும் சேற்றில் விழுந்து, குளிரில் நடுங்கி வீட்டுக்குள் நுழைகிறாள். சாப்பாடு வருகிறது. ஆட்டிறைச்சி. ‘கருகிவிட்டது’ என்று தட்டோடு தூக்கி எறிகிறான். அவள் கெஞ்சுகிறாள்: கோபப்படாதீர்கள், கறி நன்றாகத்தான் இருந்தது. அவன் சொல்லும் பதிலைக் கவனியுங்கள். கருகிய கறி பித்தத்தைக் கிளப்பும், கோபத்தை வளர்க்கும், நம் இருவருக்குமே அது ஆகாது, ஆகவே இருவரும் பட்டினி கிடப்போம் என்கிறான். பிறகு தனியாக நின்று நம்மிடம் திட்டத்தை விவரிக்கிறான். படுக்கையில் ஏதாவது குற்றம் கண்டுபிடித்து, தலையணையை ஒரு பக்கமும் போர்வையை மறுபக்கமும் வீசி, இரவு முழுதும் தூங்கவிடப் போவதில்லை. இத்தனை களேபரமும் அவள்மேல் உள்ள அக்கறையால் நடப்பதாகக் காட்டிக்கொள்ளப் போகிறான்.

அதே பேச்சில்தான் அந்த வல்லூறு வருகிறது. காட்டில் வளர்ந்து பிடிபட்ட பெண் வல்லூறைப் பழக்குகிறவர்கள் அதை அடிக்க மாட்டார்கள். அடித்தால் அது கைக்கு வராது. இரையைக் குறைப்பார்கள், கண்ணயர விடமாட்டார்கள். பசியும் தூக்கமும் சேர்ந்து அழுத்தும்போது, மனிதன் கையுறையில் வைத்துக் காட்டும் ஒரு துண்டு இறைச்சிக்கு அது இறங்கி வரும். பழக்குகிறவனும் கூடவே கண்விழிக்க வேண்டும், அதுதான் அந்தத் தொழிலின் கஷ்டம். பெட்ரூச்சியோவும் பட்டினி கிடக்கிறான், விழித்திருக்கிறான். ‘அவனும்தானே கஷ்டப்பட்டான்’ என்று ஒவ்வொரு வருடமும் வகுப்பில் ஒரு பெண்ணாவது சொல்வாள். ஆமாம் அம்மா, வேட்டைக்காரனுக்கும் தூக்கம் வரத்தான் செய்யும். ஆனால் விடிந்ததும் யார் யார் கையில் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று பாருங்கள்.

கேத்தரீனாவுக்கு இது புரிகிறது. இரண்டு காட்சி தள்ளி அவள் சொல்கிறாள்: என் அப்பா வீட்டு வாசலுக்கு வரும் பிச்சைக்காரனுக்குக்கூடக் கேட்டால் கிடைக்கும், எனக்குச் சோறும் இல்லை, தூக்கமும் இல்லை, இதையெல்லாம்விட எரிச்சல், அவர் இதை முழு அன்பு என்ற பெயரில் செய்வதுதான். கைநீட்டி அடித்திருந்தால் அவள் திருப்பி அடித்திருப்பாள், பழக்கமான காரியம். ‘உன் நல்லதற்குத்தான்’ என்று சொல்லித் தட்டைப் பிடுங்குகிறவனை எந்தக் கையால் அடிப்பது?

அம்மாவின் கேள்வி அப்படியே இருக்கிறது, பாருங்கள். அதே காட்சியில் அவனே சமைத்துக் கொண்டுவருவதாகச் சொல்லி இறைச்சி கொண்டுவருகிறான். நன்றி சொன்னால்தான் உண்டு என்கிறான். ‘நன்றி, ஐயா’ என்கிறாள். அப்பாடா என்று நாம் மூச்சுவிடும் நேரத்தில், கூட வந்த நண்பன் ஹோர்ட்டென்சியோவின் காதில், ‘என்மேல் பிரியம் இருந்தால் எல்லாவற்றையும் நீயே தின்று தீர்’ என்று முணுமுணுக்கிறான். அடுத்த மூச்சில் தையல்காரன் உள்ளே வந்துவிடுகிறான். அவள் வாய்க்குள் ஒரு கவளமாவது போயிற்றா என்று ஷேக்ஸ்பியர் எழுதவில்லை.

கே: பெட்ரூச்சியோ வரதட்சணை வாங்குகிறான், சரி. பியாங்காவின் கல்யாணத்தில் மாப்பிள்ளைகள் அல்லவா பணம் தருவதாக ஏலம் கேட்கிறார்கள்? கணக்கு உதைக்கிறதே.
– ஓய்வுபெற்ற வங்கி அலுவலர், கும்பகோணம்

ப: உதைக்காது. இரண்டு பேரேட்டையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். பெண்ணின் அப்பா கொடுப்பது சீர்ப்பணம். அதற்கு ஈடாக, ‘நான் முதலில் போய்விட்டால் என் மனைவிக்கு இன்ன சொத்து’ என்று மாப்பிள்ளை எழுதிக் கொடுப்பது விதவைப் பங்கு. பெட்ரூச்சியோ இரண்டையும் இரண்டு நிமிடத்தில் முடிக்கிறான். பாப்டிஸ்டா உடனடியாக 20,000 கிரௌன் தருவதாகவும், தன் காலத்துக்குப் பிறகு நிலத்தில் பாதி தருவதாகவும் சொல்கிறார். அவன் தன் நிலபுலம், குத்தகை அனைத்தையும் அவள் பெயருக்கு உறுதி செய்வதாகச் சொல்லி, ‘பத்திரம் எழுதிவிடலாம்’ என்கிறான். அந்த நேரம் பெண் அறையில்கூட இல்லை.

இங்கிலாந்துக் கணக்கில் ஒரு கிரௌன் 5 ஷில்லிங். அப்படியென்றால் 20,000 கிரௌன் என்பது 5,000 பவுன். ஷேக்ஸ்பியரின் சொந்த ஊரான ஸ்ட்ராட்ஃபோர்டில் பள்ளி ஆசிரியருக்கு அப்போது ஆண்டுச் சம்பளம் 20 பவுன். இருநூற்றைம்பது வருடம் பிரம்பைப் பிடித்தால் கேத்தரீனாவுக்கு வந்த பணம் சேரும். ஆசிரியை என்பதால் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்காமல் இருக்க முடியவில்லை.

அப்பாவைப் பற்றி ஒரு வார்த்தை. பத்திரம் எழுதும் முன் ‘அவளுடைய அன்பைப் பெற வேண்டும், அதுதான் எல்லாம்’ என்கிறார். நல்ல மனிதர் என்று நினைத்துக்கொள்வோம். பெண்ணோ, ‘ஞாயிற்றுக்கிழமை இவனைத் தூக்கில் பார்க்கிறேன்’ என்று அவர் எதிரிலேயே கத்துகிறாள். அவர் இருவர் கையையும் பிடித்துச் சேர்த்து வைக்கிறார். அதற்குப் பிறகு அந்தக் காட்சியில் கேத்தரீனாவுக்கு ஒரு வசனமும் கிடையாது. அவ்வளவு நேரம் வாயடித்தவள், வாய் திறக்காமல் வெளியேறுகிறாள். சம்மதமா, அதிர்ச்சியா, யாருமே தன் பேச்சைக் கேட்கப்போவதில்லை என்ற களைப்பா, நடிக்கிறவள்தான் முடிவு செய்ய வேண்டும். அவள் வாசலைத் தாண்டியதும் அப்பா சொல்லும் வசனம்: ‘இப்போது நான் வியாபாரியாகிவிட்டேன், துணிந்து ஒரு சந்தையில் இறங்கியிருக்கிறேன்.’ பக்கத்தில் நிற்கிறவன், ‘தேங்கிக் கிடந்த சரக்குதானே’ என்கிறான்.

அடுத்து உங்களுக்குப் பிடித்த ஏலம். கிழவர் கிரேமியோ வெள்ளிப் பாத்திரம், திரைச்சீலை, நூறு கறவை மாடு என்று கேட்கிறார். எதிரே திரானியோ, பைசா நகரில் மூன்று நான்கு வீடு, ஆண்டுக்கு 2,000 டக்கட் வருமானம், பிறகு கப்பல் கப்பலாக ஏற்றிக்கொண்டே போகிறான். அவன் உண்மையில் வேலைக்காரன், பியாங்காவைக் காதலிக்கும் எசமானனின் சட்டையை மாட்டிக்கொண்டு நிற்கிறான். பாப்டிஸ்டா மூத்தவள் விஷயத்தில் காட்டாத எச்சரிக்கையை இங்கே காட்டி, ‘உன் அப்பாவின் உத்தரவாதம் வேண்டும்’ என்கிறார். உடனே தெருவில் போகும் ஒரு வெளியூர்க்காரரைப் பிடித்து அப்பா வேடம் போட்டு நிறுத்துகிறார்கள். ஜாமீன் கையெழுத்துக்கு ஆள்மாறாட்டம். உங்கள் பணிக்காலத்தில் இப்படி ஒன்றாவது பார்த்திருப்பீர்கள்.

பத்திரமெல்லாம் விதவையான பிறகுதான் பயன்படும் என்பதையும் மறக்காதீர்கள். புருஷன் உயிரோடு இருக்கும்வரை மனைவியின் அசையும் பொருள் அவனுடையது என்பது அன்றைய ஆங்கிலச் சட்டம். தன் சொத்தைத் தானே வைத்துக்கொள்ளும் உரிமை அந்நாட்டு மனைவிக்கு 1882இல்தான் முழுதாக வந்தது. ஆகவே கல்யாணத்தன்று பெட்ரூச்சியோ, ‘இவள் என் உடைமை, என் வீடு, என் தட்டுமுட்டுச் சாமான், என் வயல், என் களஞ்சியம், என் குதிரை, என் எருது, என் கழுதை’ என்று அடுக்கும்போது அதை வெறும் முரட்டுப் பேச்சு என்று தள்ளிவிடாதீர்கள். அந்த எருதும் கழுதையும் பைபிளின் பத்தாவது கட்டளையிலிருந்து வந்தவை. பார்த்தவர்களுக்கு அது தெரியும்.

கே: ஷேக்ஸ்பியரின் மனைவி இப்படிப்பட்டவராக இருந்திருப்பாரோ?
– வாசகர், சேலம்

ப: 1582இல் கல்யாணம். அவருக்கு 18, மனைவி ஆன் ஹாத்தவேக்கு 26. ஆறு மாதத்தில் மூத்த பெண் பிறந்தாள். உயிலில் மனைவிக்கு எழுதிவைத்தது வீட்டின் இரண்டாந்தரக் கட்டில். இதற்குமேல் நீங்கள் ஊகிப்பது உங்கள் சொந்தப் பொறுப்பு. புருஷன் எழுதிய பாத்திரத்துக்கு மனைவியைச் சாட்சிக்கு இழுக்கும் பழக்கம் மட்டும் எனக்குப் பிடிக்காது.

கே: மனைவி சொன்னதற்கெல்லாம் ‘ஆமாம்’ போட்டு முப்பத்தைந்து வருடம் நிம்மதியாக ஓட்டிவிட்டேன். கேத்தரீனாவும் சூரியனைச் சந்திரன் என்று ஒப்புக்கொண்டாள், பிரச்சினை தீர்ந்தது. விட்டுக்கொடுப்பதை அடிமைத்தனம் என்பீர்களா?
– மளிகைக் கடைக்காரர், கோயம்புத்தூர்

ப: உங்கள் ‘ஆமாம்’ சாப்பிட்ட வாயிலிருந்து வருகிறது ஐயா. வித்தியாசம் அதுதான்.

ஆனால் நீங்கள் சொல்லும் காட்சி நாடகத்திலேயே அழகானது, அதை மறுக்க மாட்டேன். பட்டப்பகலில் பெட்ரூச்சியோ, ‘நிலா எவ்வளவு பளிச்சென்று காய்கிறது’ என்கிறான். அவள் ‘சூரியன்’ என்கிறாள். ‘அப்படியா, குதிரைகளைத் திருப்புங்கள்’ என்கிறான். எங்கே போய்க்கொண்டிருக்கிறார்கள்? அவளுடைய அப்பா வீட்டுக்கு. புகுந்த வீட்டிலிருந்து பிறந்த வீட்டுக்குப் போகிற வழியில் வண்டியைத் திருப்பிவிடுவேன் என்ற மிரட்டல் எவ்வளவு கனமானது என்பதை உங்கள் வீட்டு அம்மாவிடம் கேளுங்கள். கேத்தரீனா சட்டென்று பிடியை மாற்றுகிறாள்: ‘நிலாவோ, சூரியனோ, உங்களுக்கு இஷ்டமானால் அகல்விளக்கு என்று சொல்லுங்கள், எனக்கும் இனி அதுவே.’ அகல்விளக்கு என்பது என் கைச்சரக்கு, மூலத்தில் நாணல்தண்டு விளக்கு. கவனியுங்கள், அவன் கேட்டது நிலா மட்டும். விளக்கை அவளாகச் சேர்த்துக்கொண்டாள். கேட்டதற்கு மேலே ஒரு படி கொடுக்கிறவள் பணிகிறாளா, பழிப்புக் காட்டுகிறாளா?

உடனே எதிரே ஒரு கிழவர் வருகிறார். ‘இந்த இளம்பெண்ணைப் பார்’ என்கிறான் இவன். அவள் ‘மொட்டவிழும் கன்னியே’ என்று கிழவருக்கு ஆரத்தி எடுக்காத குறை. ‘பைத்தியமா உனக்கு, இவர் கிழவர்’ என்று அவன் திருப்பியதும், ‘மன்னியுங்கள் ஐயா, சூரியன் கண்ணைக் கூசியதில் எல்லாம் பச்சையாகத் தெரிந்தது’ என்கிறாள். சூரியன்! இவ்வளவு நேரம் எதற்குச் சண்டை நடந்ததோ அந்தச் சொல்லையே சாவகாசமாக எடுத்து அவன் முன்னால் வைக்கிறாள். இந்த இடத்தில் நான் சிரிக்காமல் பாடம் நடத்தியதே இல்லை. புத்தி அவளுடையது, விளையாட்டு அவளுடையது. கடிவாளம் மட்டும் அவன் கையில்.

பெயர் விஷயமும் இப்படித்தான். முதல் சந்திப்பில் ‘என்னைப் பற்றிப் பேசுகிறவர்கள் கேத்தரீன் என்றுதான் அழைப்பார்கள்’ என்கிறாள். அவன் ஆறே வரியில் பதினொரு முறை ‘கேட்’ என்கிறான். சூரியனுக்குப் பெயர் வைப்பதற்கு முன்னால் பெண்டாட்டிக்குப் பெயர் வைத்துப் பழகிக்கொண்டான்.

கே: தொடக்கத்தில் வரும் குடிகாரன் ஸ்லையின் பகுதியை எங்கள் குழு வெட்டிவிட நினைக்கிறது. கதைக்கு அது தேவையில்லையே?
– நாடகக் குழுவினர், புதுச்சேரி

ப: வெட்டாதீர்கள். வெட்டினால் நாடகத்தின் முகவரியே போய்விடும். கேத்தரீனாவின் கதை முழுதும் ஒரு குடிகாரனுக்கு முன்னால் நடிக்கப்படும் நாடகம். ஸ்லை என்ற தகரவேலைக்காரனைச் சாராயக்கடைக்காரி வெளியே தள்ளுகிறாள் (முதல் காட்சியிலேயே ஒரு பெண் ஓர் ஆணைத் துரத்துகிறாள்). போதையில் விழுந்தவனை ஒரு பிரபு தூக்கிவந்து, ‘நீதான் பிரபு, இத்தனை வருடம் சித்தம் கலங்கிக் கிடந்தாய்’ என்று நம்பவைக்கிறான். மனைவிக்கு என்ன செய்வது? தன் பணியாள் பையன் ஒருவனுக்குப் பெண் உடை போட்டு அனுப்புகிறான். மெல்லிய குரலில் பேசு, தாழ்ந்து வணங்கு, ‘தங்கள் பணிவுள்ள மனைவிக்கு என்ன உத்தரவு’ என்று கேள். அழுகை வராவிட்டால் கைக்குட்டைக்குள் ஒரு வெங்காயத்தை மறைத்து வைத்துக்கொள்.

அந்த வெங்காயம் போதும் எனக்கு. அடக்கமான மனைவி என்பது ஒரு பையன் சற்று நேரத்தில் கற்றுக்கொண்டு போடக்கூடிய வேஷம் என்று, கதை தொடங்கும் முன்பே காட்டிவிடுகிறார்கள். அதுவும் எந்த மேடையில்? கேத்தரீனாவாகவும் பியாங்காவாகவும் பையன்களே நடித்த மேடையில். இங்கிலாந்தின் தொழில்முறை மேடையில் பெண்கள் ஏறியது 1660இல்தான். எங்கள் கல்லூரியில் அதற்கு நேர்மாறாகப் பெட்ரூச்சியோவுக்கு மைப்பென்சிலால் மீசை வரைந்தோம். வியர்வையில் மீசை கன்னத்துக்கு இறங்க, அவள் ‘இவள் என் எருது, என் கழுதை’ என்று முழங்கியதும் பெண்கள் கூட்டம் கைதட்டிய கைதட்டலில் அந்த வசனம் என்ன ஆயிற்று என்று நீங்களே நினைத்துப் பாருங்கள்.

1623இல் வெளிவந்த ஷேக்ஸ்பியர் தொகுப்பில் ஸ்லை முதல் அங்கத்தோடு காணாமல் போகிறான், திரும்பி வருவதில்லை. 1594இல் அச்சான, கிட்டத்தட்ட இதே பெயருள்ள இன்னொரு நாடகப் பிரதியில் கடைசியில் விழித்தெழுந்து, ‘பெண்டாட்டியை அடக்கும் வழி தெரிந்துவிட்டது’ என்று வீட்டுக்குக் கிளம்புகிறான். அவன் வீட்டு வாசலில் என்ன கிடைத்திருக்கும் என்பதைக் குழுவாக உட்கார்ந்து யோசியுங்கள், ஒத்திகைக்கு நல்லது.

கே: சிவாஜி, பானுமதி நடித்த ‘அறிவாளி’ இந்தக் கதைதானா?
– வாசகி, மதுரை

ப: ஆமாம், 1963இல் வந்தது. அடக்கப்படுகிறவர் பானுமதி என்றதும் எனக்கு அடக்குகிறவர் மேல்தான் கவலையாக இருந்தது.

கே: கல்லூரிப் போட்டியில் கேத்தரீனாவின் கடைசி வசனத்தைப் பேச என் மகளைத் தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். ‘இதை எப்படி அம்மா வாயால் சொல்வேன்’ என்று புலம்புகிறாள். எப்படிப் பேசச் சொல்லட்டும்?
– இல்லத்தரசி, விருதுநகர்

ப: புலம்பட்டும், நல்ல அறிகுறி. 1897இல் பெர்னார்ட் ஷாவே இந்தக் கடைசிக் காட்சியைப் பார்த்து அருவருப்பாக இருக்கிறது என்று எழுதினார். அதற்கு வெகு காலம் முன்பே, 1611ஐ ஒட்டி, ஜான் ஃபிளெட்சர் இதற்கு ஒரு பதில் நாடகம் எழுதிவிட்டார். அதில் கேத்தரீனா இறந்துபோகிறாள், பெட்ரூச்சியோ மரியாவை இரண்டாந்தாரமாகக் கட்டுகிறான். அவள் முதலிரவிலேயே அவனை வெளியே நிறுத்திக் கதவைச் சாத்திக்கொள்கிறாள். 1633 நவம்பரில் சார்லஸ் மன்னர் முன்னிலையில் இரண்டு நாடகங்களும் இரண்டு நாள் இடைவெளியில் நடந்தன. அரசவை அதிகாரி ஷேக்ஸ்பியரின் நாடகத்துக்கு நேரே ‘பிடித்தது’ என்றும், ஃபிளெட்சருடையதற்கு ‘மிகவும் பிடித்தது’ என்றும் குறித்து வைத்தார். ஆகவே உங்கள் மகளின் முகச்சுளிப்பு நேற்று முளைத்ததில்லை.

இனி வேலைக்கு வருவோம். கண்ணடித்துக்கொண்டே பேசலாம், மனதாரப் பேசலாம், உடைந்துபோனவளாகப் பேசலாம். மூன்றையும் நடிகைகள் செய்திருக்கிறார்கள். கண்ணடிப்பது சுலபம், அதனாலேயே வேண்டாம். முதலில் வரிகளை எண்ணச் சொல்லுங்கள். நாற்பத்து நான்கு. நாடகத்திலேயே நீளமான பேச்சு இதுதான். வாயை அடைத்துவிட்டதாக எல்லோரும் நம்பும் பெண்ணுக்குத்தான் அதைக் கொடுத்திருக்கிறார். அவள் பேசும்போது ஓர் ஆணும் குறுக்கிடுவதில்லை.

பிறகு அந்தப் பேச்சில் வரும் புருஷன் யார் என்று பார்க்கச் சொல்லுங்கள். ‘நீ வீட்டில் கதகதப்பாகப் படுத்திருக்க, அவன் உனக்காகக் கடலிலும் நிலத்திலும் உழைக்கிறான், புயலில் விழித்திருக்கிறான்.’ பெட்ரூச்சியோ எந்தக் கடலில் உழைத்தான்? அவன் வந்ததே சீர்ப்பணத்துக்கு. அவள் கதகதப்பாக எங்கே படுத்தாள்? தலையணை பறந்த கதைதான் நமக்குத் தெரியுமே. அவள் வர்ணிப்பது அந்த மேஜையில் இல்லாத ஒரு புருஷனை. இதைத் தெரிந்துகொண்டு, குரலை உயர்த்தாமல், பெட்ரூச்சியோவை நேராகப் பார்த்து அந்த வரிகளைச் சொல்லட்டும். கேலி வேண்டாம், அழுகை வேண்டாம். கேட்கிறவன் நெளிவான்.

பந்தயத்தையும் மறக்கக் கூடாது. யார் மனைவி கூப்பிட்டதும் வருகிறாள் என்று மூன்று புருஷர்கள் ஆளுக்கு நூறு கிரௌன் கட்டியிருக்கிறார்கள். சாது என்று பெயரெடுத்த பியாங்கா ‘வேலையாக இருக்கிறேன்’ என்று சொல்லி அனுப்பிவிட்டாள். பார்த்த மாத்திரத்தில் காதலித்து, வாத்தியார் வேடத்தில் வந்து லத்தீன் பாடத்துக்கு நடுவே கல்யாணம் பேசிய அவள் புருஷனுக்கு இவளைப் பற்றி ஒன்றுமே தெரியவில்லை. கேத்தரீனா வந்ததும் அப்பா இன்னொரு 20,000 கிரௌனை நீட்டுகிறார், ‘புதிய பெண்ணுக்குப் புதிய சீர்’ என்று. அந்த நாற்பத்து நான்கு வரிக்கும் அந்த மேஜையில் விலை ஓடிக்கொண்டிருக்கிறது.

கடைசியாக, முடிந்தால் அவள் கையில் தின்ன ஏதாவது கொடுங்கள். அந்த விருந்துக் காட்சி தொடங்கும்போது பெட்ரூச்சியோ ஒரு வசனம் சொல்கிறான்: ‘உட்காருவதும் உட்காருவதும், தின்பதும் தின்பதும், இதைத் தவிர வேறொன்றும் இல்லை!’ பெண்டாட்டியைப் பட்டினி போட்டவன் விருந்து மேஜையில் அலுத்துக்கொள்கிறான். இந்த வரி பல வருடம் என் கண்ணில் படவில்லை. அம்மா கேட்ட பிறகுதான் பட்டது.

1988இல் மறுபடி அதே நாடகத்தைப் போட்டோம். விருந்துக்கு எங்கள் பட்ஜெட்டில் இரண்டு சீப்பு வாழைப்பழமும் மாரி பிஸ்கட்டும்தான். கேத்தரீனாவாக நடித்த பெண்ணிடம் ஒன்றே ஒன்று சொல்லி வைத்தேன்: அவன் அந்த வரியைச் சொல்லும்போது நீ ஒரு பழம் எடு. வசனம் ஒன்றும் மாறவில்லை. அவன் ‘தின்பதும் தின்பதும்’ என்றான். அவள் கையை நீட்டி ஒரு பழத்தைப் பிய்த்தாள். அவனைப் பார்த்துக்கொண்டே மெதுவாகத் தோலை உரித்தாள், நான்கு பக்கமும். பாதியை ஒரே வாயில் போட்டு மென்றாள். அரங்கில் முதலில் ஒருவரும் சிரிக்கவில்லை. பிறகு பின்வரிசையில், சமையல்கூடத்து ஆயாக்கள் உட்கார்ந்திருந்த பக்கத்திலிருந்து ஒரு சிரிப்பு கிளம்பியது. பெட்ரூச்சியோவின் மீசை அன்றைக்கும் இறங்கிக்கொண்டிருந்தது.

அம்மா அதே மூன்றாவது வரிசையில்தான் இருந்தாள். திரும்பும்போது ரிக்‌ஷாவில் நானாகவே கேட்டேன், “இப்போது சரியா?”

“இன்னொன்று எடுத்திருக்கலாம்” என்றாள்.